மேலக்கொற்றங்குடிக்கு வந்த மலைச் சத்தங்கள்

மேலக்கொற்றங்குடியில் மலை மாதாகோவிலின் மணிச் சத்தம் முதன்முதலாகக் கேட்டது புரட்டாசி பதினேழாம் தேதி, சனிக்கிழமை, காலை பத்தேகால் மணிக்கு. அன்றைக்குப் பாபநாசம் கடைத்தெருவில் கத்தரிக்காய் கிலோ நாற்பது ரூபாய். குடமுருட்டியில் தண்ணீர் இடுப்பளவு. ஊரில் மாதாகோவில் கிடையாது. மலையோ அறவே கிடையாது. மண்வெட்டியை எங்கே போட்டாலும் களிமண்தான். கோழியை விரட்ட ஒரு கல் வேண்டுமென்றால்கூட ரயில் தண்டவாளத்துக்குப் போய்த்தான் பொறுக்கி வர வேண்டும். இருந்தாலும் மணி அடித்தது. ஒன்பது அடி. ஒவ்வொரு அடியும் எங்கேயோ பாறையில் மோதித் திரும்பி வந்து, நாற்றங்காலைத் தாண்டி, ரைஸ்மில் பக்கம் போய் அடங்கியது. நடவு வயலில் இருந்த பெண்கள் நிமிர்ந்தார்கள். யார் செல்போன்டி இது என்று ஒருத்தி கேட்டாள். யாருடையதும் இல்லை என்றதும் மறுபடி குனிந்து நட ஆரம்பித்தார்கள். ஊரில் ஒரே ஒருத்தனுக்குத்தான் அந்த மணி எது என்று தெரிந்தது. மைக் செட்டுக்காரன் தியாகேசன் கொட்டகையில் உட்கார்ந்து ஆம்ப்ளிஃபையருக்கு ஈயம் வைத்துக்கொண்டிருந்தான். அந்த மணியை அவன் பார்த்திருந்தான், கேட்டது இப்போதுதான். கையில் சூடு பட்டதுகூட அவனுக்கு உறைக்கவில்லை.

விஷயம் இதுதான். சிவன் கோவில் கும்பாபிஷேகம் முடிந்து நாற்பத்தெட்டாம் நாள் பூர்த்திக்கு, ஆவணி மாசம், அக்ரஹாரத்து ஹரிஹரசுப்ரமணியன் புனேயிலிருந்து வந்திருந்தார். அங்கே காலேஜில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். ஊரில் அவர் குடும்பத்துக்கு இப்போது நிலமும் இல்லை, வீடும் இல்லை. மரியாதை மட்டும் கொஞ்சம் மிச்சம் இருக்கிறது. ஊருக்குத் தன் பங்காக ஒரு சினிமா போடுகிறேன் என்றார். சரி, போடுங்கள் என்றார்கள். நூறு வருஷத்துக்கு முந்தைய ஊமைப் படம். எந்தத் தேசத்துப் படம் என்றும் சொன்னார், யார் காதில் வாங்கினார்கள்? அறுப்புக் களத்தில் வேட்டியைக் கட்டி, முன்னால் பாதி ஜனம், பின்னால் பாதி ஜனம் உட்கார்ந்தது. மாதாகோவில் மணி ஆடுகிற மலைக் கிராமம் ஒன்று வந்தது. பனியைப் பார்த்து வேதாரண்யம் உப்பளம் என்றார்கள். ஊசி ஊசியாக நின்ற மரங்களைச் சவுக்கு என்றார்கள். ஒருத்தன் பாறை மறைவில் பதுங்கிக் கண்ணி வைத்து, வளைந்த கொம்புள்ள மலை ஆடுகளைத் திருட்டுத்தனமாகப் பிடிக்கிறான். பித்தளைப் பொத்தான் கோட்டுப் போட்ட காவலாளி ஒருத்தர் நாயோடு அவனைத் தேடுகிறார். அவ்வளவுதான் கதை.

பத்து நிமிஷம் பொறுத்துப் பார்த்தார்கள். நம்ம ஜனத்துக்குச் சத்தமில்லாமல் எதையும் பார்த்துப் பழக்கமில்லை. சாவு வீடு சத்தமில்லாமல் இருந்தால்கூட என்னமோ ஏதோ என்று எட்டிப் பார்க்கிற ஊர் இது. "டேய் தியாகேசா, மைக்கைப் புடிறா! ஊமைப் படத்தைப் போட்டுட்டு நீயும் ஊமையா ஒக்காந்திருக்கே!" என்று கூட்டத்திலிருந்து குரல் வந்தது. படம் தானாகப் பேசும்ப்பா, நீ ஒன்றும் பேச வேண்டாம் என்று புனேக்காரர் கையமர்த்தினார். ஆனால் தியாகேசனுக்கு ஏற்கெனவே நாக்கு அரித்துக்கொண்டிருந்தது. முப்பது வருஷமாகக் கல்யாணம், காதுகுத்து, அன்னதானம் என்று இன்னார் மகன் இன்னார் என ஊர்ப் பேர்களைக் கூப்பிட்டே பிழைத்தவன். பேர் இல்லாத ஆளைப் பற்றி அவனுக்குப் பேச வராது. மைக்கை எடுத்தான். திருட்டு வேட்டைக்காரன் பாறைக்குப் பின்னால் பதுங்கியதும், "இதோ நம்ம மாப்ள சாமிதுரை கண்ணி வைக்கிறாரு! யாரும் இருமாதீங்க, மடையான் பறந்துடும்!" என்றான். களமே குலுங்கியது.

சாமிதுரை யார் என்றால், தியாகேசனின் ஒரே தங்கை வானதியின் புருஷன். இரண்டு ஏக்கர் குத்தகை, மீதி நேரத்துக்குப் பறவை. சம்பா வயலில் நைலான் கண்ணி விரித்து மடையான், கொக்கு, தண்ணிக்கோழி என்று பிடித்து, மெயின் ரோட்டுச் சாப்பாட்டுக் கடைக்குக் கொடுப்பான். அங்கே அது காடை ரோஸ்ட். சட்டப்படி அது குற்றம் என்று ஊரில் எல்லாருக்கும் தெரியும். ருசி என்றும் எல்லாருக்கும் தெரியும். அவன் தொழில் முழுக்க நாலு கொக்கில் இருந்தது. பழக்குக் கொக்குகள். அவற்றின் இமைகளை ஊசி நூலால் தைத்து, காலில் கயிறு கட்டி, வரப்பு ஓரத்தில் நிறுத்தி வைப்பான். தலை மேல் பறக்கிற கூட்டம், கீழே நம்ம ஆள் நிம்மதியாக நிற்கிறானே என்று நம்பி இறங்கும். இறங்கினால் கண்ணி. அன்று களத்தில் தன் பேரைக் கேட்டு எல்லாரையும் விட அதிகமாகச் சிரித்தவன் சாமிதுரைதான். படத்தில் வேட்டைக்காரன் பெண்டாட்டி வந்தாள், "எந்தங்கச்சி வானதியைப் பாருங்க, எப்படிப் பயப்படுறா!" என்றான் தியாகேசன். வானதி முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு சிரித்தாள். காவலாளிக்கும் அவர் நாய்க்கும் மட்டும் பேர் வைக்கவில்லை. காக்கியோ கோட்டோ போட்ட ஆளிடம் பேர் கேட்கிற வழக்கம் நம்ம பக்கம் கிடையாதே! "சார் வர்றாரு, சார் வர்றாரு" என்றே படம் முழுக்க ஓட்டினான். கடைசியில் பெண்டாட்டி வாயைப் பிளந்துகொண்டு ஓடி வருகிறாள். காவலாளியின் துப்பாக்கியில் வெள்ளையாக ஒரு புகை. வேட்டைக்காரன் மலை விளிம்பிலிருந்து உருண்டு விழுகிறான். "போச்சுடா, போயே போச்சு நம்ம மாப்ள!" என்று மைக்கில் சிரித்தான் தியாகேசன். நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள். இவன் வாய் கெடுத்தது இன்னொருத்தனை.

மணி மூன்று சனிக்கிழமை அடித்தது. படத்திலும் மூன்று முறைதான். மூன்றாவது வாரம் நடவுப் பெண்கள் அதைக் கேட்டதும் கரையேறி டீ குடிக்கப் போனார்கள், அதற்குள் பழகிவிட்டது. ஐப்பசியில் நாய்ச் சத்தம் வந்தது. நம்ம ஊர் நாய்க் குரைப்பு இல்லை, அடி வயிற்றிலிருந்து வருகிற கனத்த குரைப்பு. அது சாமிதுரையின் வண்டிக்குப் பின்னாலேயே போனது; அவன் நின்றால் நின்றது. தெரு நாய்கள் வாலை இடுக்கிக்கொண்டு டிராக்டருக்கு அடியில் படுத்து, மூன்று நாள் சோற்றுக்குக்கூட வெளியே வரவில்லை. கார்த்திகை மழையில் சாமிதுரையின் காலடிச் சத்தம் மாறியது. முழங்கால் சேற்றில் நடந்தாலும் அப்பளத்தை நொறுக்குகிற மாதிரி மொறுக் மொறுக்கென்று கேட்டது. பனியில் நடக்கிற சத்தம் அப்படித்தான் இருக்கும் என்று புனேக்காரர் போனில் சொன்னார். தியாகேசன் அவரிடம் படத்தை மறுபடி ஓட்டிப் பார்க்கச் சொல்லி, எதற்குப் பின் எது வருகிறது என்று கேட்டு, ஒரு கல்யாணப் பத்திரிகையின் பின்பக்கத்தில் எழுதிக்கொண்டான். மணி, நாய், காலடி, இன்னொரு காலடி, பெண்டாட்டி கத்துவது, வெடி. வரிசை பிசகவில்லை.

இன்னொரு காலடி கார்த்திகைக் கடைசியில் வந்தது. சாமிதுரைக்கு ஐம்பது அடி பின்னால், நிதானமாக, அவசரமே இல்லாமல். டீக்கடையில் இருந்த பதினாறு பேரும் கேட்டார்கள், திரும்பிப் பார்த்தார்கள், ரோடு காலியாக இருந்தது. அதற்குப் பிறகுதான் ஊர் கேட்க ஆரம்பித்தது. யார் அந்தச் சார்? காக்கியைக் கண்டாலே வானதி கதவைச் சாத்தினாள். கரண்ட் ரீடிங் எடுக்க வந்தவர் மூன்று தடவை வெளியே நின்று திரும்பினார். போஸ்ட்மேன் அப்துல் ஹமீது, பாவம், இருபது வருஷம் அந்த வீட்டில் தண்ணீர் வாங்கிக் குடித்தவர், கடிதத்தை வேலி மேல் வைத்துவிட்டு, "நான் ஹமீதும்மா, சார் இல்லம்மா" என்று சொல்லிவிட்டுப் போனார். பஸ் கண்டக்டரைக்கூட ஜனம் ஒரு மாதிரியாகப் பார்த்தது.

சாமிதுரை மட்டும் அசரவில்லை. அல்லது அசராத மாதிரி இருந்தான். தியாகேசன் தினம் போய்க் கெஞ்சினான். அந்தக் கண்ணியை அவிழ்த்துப் போட்டுவிடு, அந்தக் கொக்குகளை விட்டுத் தொலை என்றான். "பொங்கல் வரைக்குந்தான் மச்சான். காணும் பொங்கலுக்கு எரநூறு உருப்படி கேட்டிருக்காங்க. அதோட விட்டுடறேன், வானதி மேல சத்தியம்" என்றான் அவன். வாயில வெச்ச பேரு என்ன பண்ணிடும் என்று சிரித்தான். சிரிக்கும்போதே பின்னால் காலடி நின்றது. அவனும் நின்றான். தியாகேசனுக்கு அப்போது அந்த மாப்பிள்ளையை ஓங்கி ஒரு அறை விடலாம் போலவும், கட்டிக்கொண்டு அழலாம் போலவும் இருந்தது. இரண்டையும் செய்யவில்லை. அப்பா செத்தபோது வானதிக்கு வயது ஒன்பது. மைக் செட் வாடகையில் அவளைப் படிக்க வைத்து, நகை போட்டு, இந்தக் கழுவுற மீனில் நழுவுகிற மீனுக்குக் கட்டிக் கொடுத்தவன் அவன்தான். கொட்டகையின் போர்டில்கூட வானதி சவுண்ட் சர்வீஸ் என்றுதான் இருக்கிறது. அவள் தாலிக்குத் தன் நாக்கே எமனாக வந்து நின்றதை நினைத்து நினைத்து அவனுக்குச் சோறு இறங்கவில்லை.

மார்கழி இருபதாம் தேதி வானதி வாசலில் கோலம் போட்டுவிட்டு நிமிர்ந்தபோது அந்தக் கத்தல் வந்தது. யாருக்கும் புரியாத ஒரு பாஷையில், யாரோ ஒரு பெண்ணின் குரலில், அவள் வாயிலிருந்து வந்தது. தெருவில் எல்லாரும் ஓடி வந்தார்கள். கோலமாவுக் கிண்ணம் உருண்டு கிடந்தது. அவள் தொண்டையைப் பிடித்துக்கொண்டு அண்ணனைப் பார்த்தாள்.

"என் வாய்லேர்ந்துதாண்ணே வந்துச்சு. ஆனா நான் கத்தலண்ணே."

தியாகேசன் அந்தக் கல்யாணப் பத்திரிகையை எடுத்துப் பார்த்தான். பாக்கி ஒன்றே ஒன்றுதான். ஆனால் அவள் சொன்னதைக் கேட்டதும் அவனுக்கு ஒரு விஷயம் பளிச்சென்று பிடிபட்டது. அவன் பேர் வைத்த ஆட்களின் சத்தமெல்லாம் அந்தந்தப் பேர்க்காரர்களிடமிருந்தே வந்திருக்கிறது. மொறுமொறுப்பு சாமிதுரை காலிலிருந்து. கத்தல் வானதி வாயிலிருந்து. பேர் இல்லாத துப்பாக்கி எந்தத் திசையிலிருந்து வேண்டுமானாலும் வெடிக்கலாம். அதை யார் கையைப் பிடித்துத் தடுப்பது? பேர் இருந்தால் அது ஒரு ஆள். ஆளாக இருந்தால் காலில் விழலாம். அன்றைக்கே புனேக்குப் போன் போட்டு, படத்தைச் செல்லுக்கு அனுப்பச் சொல்லி, மறுநாள் சாயங்காலம் நாலு மணிக்குக் கொட்டகைக் கதவைச் சாத்திக்கொண்டு, வாடகை புரொஜெக்டரில் படுக்கை விரிப்பின் மேல் அதை ஓட்டினான். வானதி ஒருத்திதான் பார்க்க இருந்தாள். சாமிதுரை வரவில்லை, வயலில் வேலை இருந்ததாம்.

முதலில் வேட்டைக்காரன் பேரை மாற்றப் பார்த்தான் தியாகேசன். யார் பேரை வைப்பது? உயிரோடு இருக்கிற யார் பேரை வைத்தாலும் அது கொலை. அதனால் எட்டு வருஷத்துக்கு முன் செத்துப்போன வெட்டியான் நல்லக்கண்ணுவின் பேரைச் சொன்னான். மைக் ஊமையாகிவிட்டது. வயரை ஆட்டினான், பேட்டரியை மாற்றினான், ஒன்றும் நடக்கவில்லை. சாமிதுரை என்று சொன்னதும் கணீரென்று கேட்டது. சொன்ன சொல்லைத் திரும்ப வாங்க முடியாது என்பது மைக் செட்டுக்காரனுக்குத் தெரியாததா? கண்ணைத் துடைத்துக்கொண்டு, போன தடவை சொன்னதையே வார்த்தை மாறாமல் சொல்லிக்கொண்டு வந்தான். பித்தளைப் பொத்தான் கோட்டு வந்தது. கொட்டகையில் இரண்டே பேர்தான் என்றாலும், கல்யாணக் கூட்டத்துக்குச் சொல்கிற மாதிரி எழுந்து நின்று சொன்னான்.

"இதோ வர்றாரு பாருங்க. மேலக்கொற்றங்குடி வைத்திலிங்கம் மகன், காவல்காரர் தியாகேசன்."

ஸ்பீக்கர் அதைத் தடங்கலில்லாமல் வாங்கிக்கொண்டது. வானதி ஐயோ என்று வாயில் கை வைத்தாள். படம் என்னவோ மாறவில்லை. காவலாளி சுட்டார், புகை வந்தது, மனுஷன் உருண்டான். "அதே மாதிரிதாண்ணே முடிஞ்சுது" என்று வானதி அழுதாள். தெரியும்மா என்றான் அவன். மறுநாள் காலை ரோட்டில் சாமிதுரைக்குப் பின்னால் காலடி கேட்கவில்லை. அது தியாகேசனின் செருப்புக்கு அடியில் வந்து சேர்ந்திருந்தது. நிதானமாக, அவசரமே இல்லாமல். அவன் வலது தோளில் துப்பாக்கி வாரை மாட்டின மாதிரி ஒரு சிவந்த தடம் விழுந்தது. எண்ணெய் தேய்த்தும் போகவில்லை. அவனைப் பார்த்ததும் தெரு நாய்கள் எழுந்து வழிவிட்டன.

காணும் பொங்கல் அன்று காலை பதினோரு மணி. ஊர் பாதி கல்லணைக்கும் பூம்புகாருக்கும் வேன் பிடித்துப் போயிருந்தது. சாமிதுரை கிழக்கு வெளியில், கதிர் சாய்ந்து நின்ற வயலுக்கும் வாய்க்காலுக்கும் நடுவில், நாலு குருட்டுக் கொக்குகளையும் நிறுத்திவிட்டு, வைக்கோல் மறைப்பில் உட்கார்ந்திருந்தான். வானத்தில் பெருங்கூட்டம் வட்டமிட்டு இறங்கிக்கொண்டிருந்தது. இருநூறுக்குக் குறையாது. கடைசியாக ஒரு தடவை கெஞ்சிப் பார்ப்பது, கேட்காவிட்டால் அவன் மேல் விழுந்து புரண்டாவது இழுத்து வருவது என்று தியாகேசன் வரப்பில் ஓடி வந்தான். முப்பது அடி இருக்கும்போது, மாப்ளே என்று கூப்பிட வாயெடுத்தான்.

அது அங்கே இருந்தது. தொண்டைக் குழியில், கொதிக்கிற இரும்பாக, வெடிக்கத் தயாராக. மாப்ளே என்கிற சொல்லுக்குப் பதிலாக வெளியே வர இருந்தது அதுதான். உதடு கால்வாசி திறந்துவிட்டது. தியாகேசன் இரண்டு கையாலும் வாயைப் பொத்தினான். பல்லைக் கடித்தான், கடித்த கடியில் நாக்கு கிழிந்து ரத்தம் வந்தது. வரப்பில் மண்டியிட்டு, நெற்றியைச் சேற்றில் வைத்து அழுத்தினான். உள்ளே இருந்தது முட்டியது. விலா எலும்பு இரண்டு விட்டுப்போனது. மூக்கு வழியாக வெள்ளையாகப் புகை வந்தது. சத்தம் வரவில்லை. இறங்கிக்கொண்டிருந்த பறவைக் கூட்டம் முழுவதும் ஒரே நேரத்தில், சிறகு அடிக்கிற ஓசைகூட இல்லாமல், மேலே எழும்பிப் போனது. ஒன்றுகூடக் கண்ணியில் விழவில்லை. ஏன் கலைந்தது என்று திட்டிக்கொண்டே திரும்பின சாமிதுரை, மச்சான் சேற்றில் கிடப்பதையும் மூக்கில் புகை வருவதையும் பார்த்தான். ஓடி வந்து தூக்கினான். அவனுக்கு யாரும் விளக்கம் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

"மச்சான், தொறக்காதீங்க மச்சான். அப்புடியே இருங்க. ஒண்ணும் சொல்லாதீங்க" என்று அவன் வாயைத் தானும் சேர்ந்து பொத்திக்கொண்டு அழுதான்.

தஞ்சாவூரில் காது மூக்கு தொண்டை டாக்டர் பார்த்தார். தொண்டையில் ஒன்றும் இல்லை என்றார். ஆனால் உள்ளே விட்ட குழாய் கரி பிடித்து வந்தது. அதைத் துடைத்து வைத்துவிட்டு, பேசாமல் இருப்பதுதான் நல்லது, எத்தனை நாளைக்கு என்று சொல்ல முடியாது என்று சீட்டில் எழுதிக் கொடுத்தார். எங்கேயாவது ஆளில்லாத இடத்துக்குப் போய் அதை வெளியே விட்டுவிட்டு வரக்கூடாதா என்று ஊரில் சிலர் கேட்டார்கள். வேதாரண்யம் கடற்கரைக்குக் கூட்டிப் போகக் கார்கூடப் பேசினார்கள். வானதி வேண்டாம் என்றுவிட்டாள். அது யார் பேருக்கு வந்த குண்டோ அவரைத் தேடித்தான் போகும், துபாயில் இருந்தாலும் போகும், எங்கண்ணன் வாயில் இருக்கிற வரைக்கும்தான் என் புருஷன் எனக்கு என்று சொன்னாள். சொல்லிவிட்டு அண்ணன் காலைப் பிடித்துக்கொண்டு ஒரு மணி நேரம் அழுதாள். அழாதே என்று சொல்லக்கூட அவனால் முடியவில்லை. தலையைத் தடவிக் கொடுத்தான்.

சாமிதுரை அன்று மாலையே கண்ணிகளைச் சுருட்டி அடுப்பில் போட்டான். கொக்குகளின் இமைத் தையலை வானதியின் நகவெட்டியால் ஒவ்வொன்றாக அறுத்தான். ஒன்று பறந்து போனது. மற்ற மூன்றும் வெளிச்சத்தைக் கண்டு மிரண்டு, கொஞ்ச நேரம் வரப்பில் நின்றுவிட்டு, அவன் பின்னாலேயே நடந்து வீட்டுக்கு வந்து சேர்ந்தன. சாப்பாட்டுக் கடைக்காரர் வேறு ஆள் பார்த்துக்கொண்டார். அந்த ஆளும் இந்தக் கதை தெரிந்ததும் கைவிட்டுவிட, கடைக்காரர் கோழிக்கு மாறிவிட்டார்.

ஏழு வருஷம் ஆகிறது. மைக் செட் ஓடிக்கொண்டுதான் இருக்கிறது. வயர் இழுப்பது, பாக்ஸ் கட்டுவதெல்லாம் தியாகேசன், பேர் கூப்பிடுவதற்கு மட்டும் குத்தாலத்திலிருந்து ஒருத்தர் வருகிறார். தும்மல் வந்தால் தியாகேசன் எழுந்து சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொள்வான். எதிரில் இருப்பவர்களும் கொஞ்சம் ஒதுங்கிக்கொள்வார்கள். தூக்கத்தில் உளறிவிடாமலிருக்க, படுக்கும்போது துண்டால் தாடையைக் கட்டிக்கொள்கிறான். பிணத்துக்குக் கட்டுவது போல இருக்கிறது என்று வானதிதான் முதல் வருஷம் பார்க்க மாட்டாமல் தவித்தாள், இப்போது அவளே துண்டைத் துவைத்து மடித்துக் கொடுக்கிறாள். பெண் கொடுக்க வந்த வெளியூர்க்காரர்கள், அவர் ஏன் பேசுவதில்லை என்று கேட்டால், அவர் வாயில் ஒரு வெடி இருக்கிறது என்று ஊரில் சொல்வார்கள். அப்படியா என்று கேட்டுக்கொண்டு அவர்களும் காபியைக் குடிப்பார்கள்.

தினம் காலையில் சாமிதுரை கொட்டகைக்கு வந்து பெஞ்சில் உட்காருவான். முன்பெல்லாம் அதிகம் பேசாத ஆள், இப்போது வாய் ஓயாது. கர்நாடகத்துக்காரன் தண்ணீர் விடாதது, யூரியா கிடைக்காதது, வானதி நேற்று வைத்த புளிக்குழம்பில் உப்பு கூடினது, மூன்று கொக்கில் ஒன்று முட்டையிட்டது என்று ஒன்று விடாமல் சொல்வான். சில சமயம் எதுவும் இல்லாவிட்டால், நேற்று சொன்னதையே மறுபடி சொல்வான். தியாகேசன் ஈயம் வைப்பதை நிறுத்திவிட்டு, உதட்டை இறுக மூடிக்கொண்டு, அவன் பேசுவதை முழுக்கக் கேட்பான்.